இரண்டாவது சாட்சி

அத்தியாயம் 17

போன வாரம் தாமரைச்செல்வியை உசிலம்பட்டிக்குக் கிளம்பச் சொல்லிவிட்டு நான் பாட்டுக்கு அத்தியாயத்தை முடித்துவிட்டேன் என்று சிலருக்குக் கோபம். ஒரு வாசகி குரல் செய்தியே அனுப்பியிருந்தார். "அத்துவிட்ட புருஷன் வீட்டு வாசல்ல அவ போய் நிக்கணுமா? உங்களுக்கே நல்லா இருக்கா?" என்று கேட்டார். நன்றாக இல்லைதான். ஆனால் அனுப்பியது நான் இல்லை, அவளுடைய வக்கீல்.

இந்த வாரம்தான் கதைக்குள் வருகிறவர்களுக்கு நடந்ததைச் சொல்லிவிடுகிறேன். தாமரைக்கு வயது நாற்பத்து மூன்று. சிம்மக்கல்லில் ஒரு ரத்தப் பரிசோதனை நிலையத்தில் வேலை. விடிந்ததும் ஸ்கூட்டியில் வீடு வீடாகப் போய் ரத்தம் எடுத்து வருவாள். அவளுடைய அப்பா நல்லகாமன் அரசு பஸ்ஸில் கண்டக்டராக இருந்து ஓய்வு பெற்றவர். இறந்து பதினோரு மாதம் ஆகிறது. திருப்பரங்குன்றத்தில் அவர் கட்டிய வீட்டைத் தாமரைக்கென்று பன்னிரண்டு வருஷத்துக்கு முன்பே உயில் எழுதி பீரோவில் வைத்திருந்தார். அண்ணன் அழகுபாண்டி அதை நம்பவில்லை. இவளும் இவள் புருஷனும் சேர்ந்து செய்த போலி உயில் என்று சொல்லிக் கோர்ட்டுக்குப் போய்விட்டான்.

உயிலில் சாட்சிக் கையெழுத்து இரண்டு. ஒன்று, நல்லகாமன் வேலை பார்த்த அதே பஸ்ஸை ஓட்டிய டிரைவர் சிவக்குமாருடையது. அவர் போய் நாலு வருஷமாயிற்று. இரண்டாவது, முத்துப்பாண்டியுடையது. அப்போது தாமரையின் புருஷன். இப்போது யாரோ.

கோர்ட்டுக்குப் போகாமல் பெரியவர்கள் உட்கார்ந்து பேசிப் புருஷன் பெண்டாட்டி உறவை அத்துவிடுவது அவர்கள் பக்கத்து வழக்கம். அத்துவிட்டால் அதோடு சரி. அந்த வீட்டில் இவர்கள் தண்ணீர் குடிப்பதில்லை. இவர்கள் வீட்டுச் சாவுக்கு அவர்கள் வருவதில்லை. பதினோரு வருஷமாக அப்படித்தான் இருந்தது. இப்போது சாட்சி சொல்ல முத்துப்பாண்டி ஒருவர்தான் உயிரோடு இருக்கிறார். யாராவது பெரியவரைத் தூது அனுப்பலாம் என்று கருமாத்தூர் மாமாவைக் கேட்டாள். "எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டு நான் அந்த வாசல்ல ஏற?" என்று அவர் போனை வைத்துவிட்டார்.

இனி இந்த வாரம்.

* * *

காலை ஆறு மணிக்கு ஸ்கூட்டியை வெளியே தள்ளியபோது கேட்டுக்கு அந்தப் பக்கம் அழகுபாண்டி நின்றுகொண்டிருந்தான். எவ்வளவு நேரமாக நின்றான் என்று தெரியவில்லை. பெல் அடிக்கவில்லை.

"உள்ள வா அண்ணே."

"வேணாம். கேஸ் முடியிற வரைக்கும் உள்ள போகக் கூடாதுன்னு வக்கீல் சொல்லிட்டாரு."

அவன் பிறந்து வளர்ந்த வீடு. வாசல்படியில் ஒரு மூலை உடைந்திருக்கிறதே, அது அவன் சின்ன வயதில் சைக்கிளை மோதி உடைத்தது. இப்போது வக்கீல் சொல்லிவிட்டார் என்று ரோட்டில் நிற்கிறான்.

"அடுத்த மாசம் வருஷத் திதி வருதுல்ல. போஸ்டர் அடிக்கணும். அப்பா போட்டோ ஒண்ணு வேணும். யூனிபார்ம்ல இருக்குமே, அது."

தாமரை உள்ளே போய்ச் சுவரிலிருந்து படத்தைக் கழற்றி, புடவைத் தலைப்பால் துடைத்து, கேட்டுக்கு மேலாக நீட்டினாள். அவன் வாங்கி அப்பாவின் முகத்தைப் பார்த்துக்கொண்டே நின்றான். மதுரையில் ஒரு மனிதன் செத்தால் சுவர் முழுக்கப் போஸ்டர் ஒட்டாமல் விடமாட்டார்கள். அதில் கீழே சொந்தக்காரர்கள் பெயர் வரிசையாக இருக்கும். பெயர் விட்டுப்போனால் அதற்கே ஒரு தலைமுறை சண்டை நடக்கும்.

"போஸ்டர்ல என் பேரு போடுவியாண்ணே?"

அழகுபாண்டி படத்தைப் பையில் வைத்தான். "வக்கீலக் கேக்கணும்" என்றான்.

இதற்குச் சிரிப்பதா அழுவதா என்று அவளுக்குத் தெரியவில்லை. அவனுக்கும் தெரியவில்லை என்றுதான் நினைக்கிறேன். சொல்லிவிட்டுத் தரையைப் பார்த்தான்.

"தாமரை, எனக்கு வீடு ஒண்ணும் பெருசில்ல. நீ நம்பலேன்னாலும் சரி." குரல் ஏறியது. "ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போனேன். கட்டில்ல இருந்து தூக்கி உக்கார வச்சேன். கொள்ளி வச்சேன். எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லலையே அவரு. அதத்தான் என்னால தாங்க முடியல. ஒண்ணே ஒண்ணு சொல்லு. உயில் எழுதுனப்ப நீ புருஷன் வீட்ல நல்லாத்தான இருந்த? கட்டிக்குடுத்த பொண்ணுக்கு, எந்தக் குறையும் இல்லாம இருக்கவளுக்கு, அவரு எதுக்கு வீட்ட எழுதுவாரு? அதுக்கு மட்டும் பதில் சொல்லு, கேஸ நாளைக்கே வாபஸ் வாங்குறேன்."

தாமரைக்குப் பதில் தெரிந்தால் அல்லவா சொல்வதற்கு. "வீடு உனக்குத்தான் எழுதியிருக்கேன். மாப்ளையும் சிவக்குமாரும் சாட்சி" என்று ஒரு நாள் அப்பா சொன்னார். ஏன் என்று இவள் கேட்கவில்லை. அவராகச் சொல்லுகிற ஆளும் இல்லை.

"எனக்குத் தெரியலண்ணே."

"பெறகு நான் எப்படி நம்புறது?" என்று கேட்டுவிட்டு அவன் போய்விட்டான். தெருமுனை திரும்பும்போது பையைத் தோளிலிருந்து எடுத்து மார்போடு பிடித்துக்கொண்டதை அவள் பார்த்தாள்.

* * *

ஏழு வீடு முடித்து, ரத்தம் எடுத்த டியூப்களைப் பரிசோதனை நிலையத்தில் கொடுத்துவிட்டு, அரை நாள் லீவு சொல்லிவிட்டு, வக்கீல் இந்துப்ரியாவின் ஆபீசுக்கு ஏறும்போது மணி பத்து. சிம்மக்கல்லில் ஒரு மொத்தக் கடைக்கு மேலே மாடி. படியெல்லாம் வெங்காய வாசனை. இந்துப்ரியா போனில் தன் அம்மாவிடம் சௌராஷ்டிர மொழியில் ஏதோ கடிந்துகொண்டிருந்தவள், இவளைப் பார்த்ததும் வைத்துவிட்டுத் தமிழுக்கு வந்தாள்.

"உக்காருங்கக்கா. நாளான்னிக்கு அவரக் கூண்டுல ஏத்துறேன். நான் கேக்கப்போறது ரெண்டே கேள்வி. நல்லகாமன் கையெழுத்துப் போட்டத நீங்க நேர்ல பாத்தீங்களா? நீங்க போட்டப்ப அவர் எதிர்ல இருந்தாரா? ரெண்டுக்கும் ஆமான்னு சொல்லிட்டார்னா போதும்."

"இல்லேன்னுட்டா?"

"உயிலே இல்லாத மாதிரிதான். ஆளுக்குப் பாதி." வக்கீல் கொஞ்சம் தயங்கினாள். "அது மட்டும் இல்லக்கா. போலி உயில்னு உங்க அண்ணன் சொல்றதும் உண்மைன்னு ஆயிரும்."

இரண்டு அறை, ஒரு அடுப்படி. அதில் பாதி என்றால் எந்தப் பாதி? விற்றால்தான் பாதி வரும். அதை வைத்துக்கொண்டு இந்த ஊரில் ஒரு குளியலறை வாங்கலாம். வீடு போவதைக்கூடத் தாமரை எப்படியாவது தாங்கிவிடுவாள். அப்பா கையெழுத்தைத் திருடியவள் என்று பெயர் வாங்கிக்கொண்டு வெளியே போவதைத்தான் நினைத்துப் பார்க்க முடியவில்லை.

"சம்மன் அனுப்புனா அவர் வந்துதான் ஆகணும். ஆனா கோபத்தோட வர்ற சாட்சி என்ன சொல்வார்னு யாருக்குத் தெரியும்? போன வாரமே சொன்னேன்ல, நீங்க ஒரு தடவ நேர்ல பேசிருங்க. பாத்தவர் தானே, பாத்தேன்னு சொல்றதுல என்ன கஷ்டம்?"

"ஒண்ணுமில்ல மேடம். போயிட்டு வாரேன்" என்றாள் தாமரை.

* * *

உசிலம்பட்டி பஸ்ஸில் ஜன்னலோரம் இடம் கிடைத்தது. பெண்களுக்கு இலவசம் என்பதால் கண்டக்டர் முகத்தைப் பார்க்காமல் சீட்டைக் கிழித்துக் கொடுத்தார். அப்பா அப்படிச் செய்யமாட்டார். சீட்டு கொடுத்தால் ஆளைப் பார்த்துக் கொடுக்க வேண்டும் என்பார்.

செக்கானூரணி தாண்டுகிற வரைக்கும் அவள் யோசித்துக்கொண்டு வந்தது ஒரு சின்ன விஷயம். அவரை எப்படிக் கூப்பிடுவது? எட்டு வருஷம் "ஏங்க" என்று கூப்பிட்டாள். இப்போது அது முடியாது. பேர் சொல்லவும் வாய் வராது. அண்ணே என்று சொல்லவே முடியாது. ஒரு மனிதனைக் கூப்பிட வார்த்தையே இல்லாமல் அவனிடம் போய் உதவி கேட்பது எப்படி என்று அவளுக்குப் புரியவில்லை.

யோசித்துப் பார்த்தால் அவளைக் கூப்பிடவும் ஆளில்லை. அப்பா போன பிறகு வீட்டுக்குள் 'தாமரை' என்ற சத்தம் கேட்டு மாதக்கணக்காகிறது. வேலைக்குப் போகிற வீடுகளில் அவள் 'ரத்தம் எடுக்கிற அக்கா'. அண்ணன் வாயிலிருந்து காலையில் அந்தப் பெயரைக் கேட்டபோது சண்டைக்கு வந்தவன் என்றுகூடத் தோன்றாமல் ஒரு நிமிஷம் சந்தோஷமாக இருந்தது. இதை வெளியே சொன்னால் வெட்கம். எனக்குத் தெரியும், உங்களுக்குச் சொல்லிவிட்டேன்.

உசிலம்பட்டியில் அன்றைக்குச் சந்தை. மாடுகளும் மினி லாரிகளுமாக ரோடு அடைத்துக் கிடந்தது. முத்துப்பாண்டியின் தீவனக் கடை அதே இடத்தில்தான் இருந்தது. கடைக்குப் பின்னாலேயே வீடு. அவள் எட்டு வருஷம் கூட்டிப் பெருக்கிய வீடு.

முத்துப்பாண்டி தராசுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். தொப்பை போட்டுவிட்டது. கண்ணாடி வந்துவிட்டது. அவளைப் பார்த்ததும் எழுந்தார், பிறகு எதற்கு எழுந்தோம் என்று தெரியாமல் மறுபடியும் உட்கார்ந்தார்.

"மாமா போனதக் கேள்விப்பட்டேன்" என்றார்.

"ம்."

"வர முடியாதுல்ல."

"வந்திருந்தா யாரும் வெட்டியிருக்க மாட்டாக" என்றாள் தாமரை. கூப்பிட வார்த்தை வேண்டியிருக்கவில்லை. கோபம் இருந்தால் பேச்சு தானாக வந்துவிடுகிறது.

பின்கட்டிலிருந்து ஒரு பெண் சொம்பில் தண்ணீரோடு வந்தாள். முப்பத்தைந்து வயதிருக்கும். முகத்தில் கள்ளம் இல்லை. சரண்யாதேவி. தாமரை போன மறுவருஷம் இந்த வீட்டுக்கு வாழ வந்தவள்.

"வச்சுரு. குடிக்க மாட்டா" என்றார் முத்துப்பாண்டி.

தாமரைக்கு நாக்கு ஒட்டிக்கொண்டிருந்தது. குடிக்காதே என்று சொல்ல அப்பா இல்லை. ஏன் குடித்தாய் என்று கேட்க அண்ணன் இனி வரப்போவதும் இல்லை. யாருக்காகத் தாகத்தோடு நிற்பது? சொம்பை வாங்கி அண்ணாந்து முழுவதையும் குடித்தாள்.

சரண்யாதேவிக்கு அதில் ஒரே சந்தோஷம். ஸ்டூலை இழுத்துப் போட்டாள். "உக்காருங்கக்கா. உங்களப் பாக்கணும்னு எனக்கு ரொம்ப நாளா ஆசை. இவுக சொல்லியிருக்காக. நீங்களாவே வேணாம்னு எந்திரிச்சுப் போனீகளாம்ல? எனக்கெல்லாம் அம்புட்டுத் தைரியம் வராதுக்கா. காப்பி போட்டு எடுத்தாரேன், இருங்க."

அவள் உள்ளே போனாள். முத்துப்பாண்டி தராசுத் தட்டில் ஒட்டியிருந்த தவிட்டை விரலால் தட்டிக்கொண்டிருந்தார்.

தாமரை வந்த விஷயத்தைச் சொன்னாள். அண்ணன் கேஸ் போட்டது, நாளை மறுநாள் வாய்தா, வக்கீல் கேட்கப்போகிற இரண்டு கேள்வி எல்லாவற்றையும் சொன்னாள். "அப்பா கையெழுத்துப் போட்டதப் பாத்தேன்னு நீங்க வந்து சொல்லணும். வேற ஒண்ணும் நான் கேக்கல."

அவர் கண்ணாடியைக் கழற்றினார்.

"நான் பாக்கலையே தாமரை."

சந்தைச் சத்தம் அப்படி. சரியாகத்தான் காதில் விழுந்ததா என்று அவளுக்குச் சந்தேகமாக இருந்தது. "என்ன பாக்கல?"

"மாமா போட்டதப் பாக்கல. சிவக்குமார் அண்ணன்தான் இந்தக் கடைக்கு வந்தாரு. கையில ஒரு தாம்பாளம். வெத்தலை பாக்கு, பழம், வேட்டி துண்டு. நடுவுல இந்தத் தாளு. 'மாப்ளைய வரச் சொல்லி, நிக்க வச்சுக் கையெழுத்து வாங்குறது மரியாதையில்லேன்னு உங்க மாமா குடுத்து விட்டாரு'ன்னு சொன்னாரு. மாமா கையெழுத்து ஏற்கனவே இருந்துச்சு. நான் இந்தா, இதே இடத்துல உக்காந்து போட்டுக் குடுத்தேன்."

நல்லகாமனைத் தெரிந்தவர்களுக்கு இதில் ஆச்சரியம் இருக்காது. மாப்பிள்ளை வந்தால் காய்ச்சலோடு படுத்திருந்தாலும் எழுந்து நிற்கிற மனிதர். தன் வீட்டில் மாப்பிள்ளை சாப்பிட்டு முடிக்காமல் தான் இலையில் உட்காரமாட்டார். அப்பேர்ப்பட்டவர் மாப்பிள்ளையைக் கூப்பிட்டு 'இங்கே ஒரு கையெழுத்துப் போடு' என்பாரா? தாம்பாளத்தில் வைத்து அனுப்பினார். சட்டம் எழுதியவர்களுக்கு மாப்பிள்ளை மரியாதை தெரியாது. நேரில் பார்த்தாயா, இல்லையா என்று மட்டும்தான் அவர்கள் கேட்பார்கள்.

அப்பா செய்த மரியாதையால் உயில் செல்லாமல் போகப்போகிறது. தாமரை ஸ்டூலின் விளிம்பைப் பிடித்துக்கொண்டாள். காலையில் அண்ணன் கேட்டது அப்போதுதான் அவள் வாயில் வந்தது.

"அப்பா எதுக்கு அப்ப எனக்கு எழுதுனாரு? நான் இங்கதான இருந்தேன்?"

"உனக்குத் தெரியாதா?"

"தெரியாது."

முத்துப்பாண்டி பின்கட்டுப் பக்கம் ஒரு முறை பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். "அதுக்கு முந்தின மாசம் மாமா இங்க வந்திருந்தாரு. ஞாபகம் இருக்கா? குழம்புல உப்பு கூடிப்போச்சுன்னு நான் அவரு முன்னாடியே தட்டத் தூக்கி எறிஞ்சேன். நீ குனிஞ்சு பொறுக்குன. அவரு ஒண்ணும் பேசல. தன் இலையில இருந்ததச் சாப்பிட்டு முடிச்சு, வாரேன் மாப்ளன்னு சொல்லிட்டுப் போனாரு. பதினஞ்சு நாள்ல இந்தத் தாளு வருது. எங்கிட்ட சண்டைக்கு வரல அவரு. எம்மகளுக்குப் போறதுக்கு ஒரு வீடு இருக்கு, பாத்து நடந்துக்கோன்னு எனக்குச் சொல்லி விட்டாரு. இல்லேன்னா என்னைய எதுக்குச் சாட்சி போடச் சொல்லணும்? ஊர்ல ஆளா இல்ல?"

தாமரைக்கு அந்தத் தட்டு ஞாபகம் இருந்தது. அப்பா முகத்தை அவள் அன்றைக்குப் பார்க்கவில்லை. வெட்கத்தில் தரையையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவர் எல்லாவற்றையும் பார்த்திருக்கிறார். ஊருக்குப் போய், பஸ்ஸில் டிக்கெட் கிழித்துக்கொண்டே பதினைந்து நாள் யோசித்து, தனக்குத் தெரிந்த ஒரே வழியில் அவளுக்காகச் சண்டை போட்டிருக்கிறார். இத்தனை வருஷம் ஒரே வீட்டில் இருந்தும் அவளிடம் அதைச் சொல்லவே இல்லை.

முத்துப்பாண்டி இத்தோடு நிறுத்தியிருக்கலாம்.

"ஆனா நான் அத வேற மாதிரி எடுத்துக்கிட்டேன்" என்றார். "வீடுதான் இருக்கே, போனா பொழச்சுக்குவான்னு மனசு சொல்லிருச்சு. அந்தத் தாளு வராம இருந்திருந்தா உன்னைய அனுப்ப எனக்குத் தைரியம் வந்திருக்காது. உண்மையச் சொல்றேன்."

மகளைக் காப்பாற்ற அப்பா ஒரு கதவைத் திறந்து வைத்தார். அந்தக் கதவு வழியாகவே அவளை வெளியே தள்ளியிருக்கிறார்கள். அப்பா இதைத் தெரிந்துகொள்ளாமல் செத்ததே நல்லது என்று நினைத்தாள். கொஞ்ச நேரம் கழித்து, ஒருவேளை தெரிந்துதான் அவர் வாயே திறக்கவில்லையோ என்றும் நினைத்தாள். அது இன்னும் மோசமாக இருந்தது.

"நான் வாரேன் தாமரை" என்றார் அவர். "பாத்தேன்னே சொல்லிடுறேன். மாமா நடுவீட்டுல உக்காந்து போட்டாரு, நானும் சிவக்குமார் அண்ணனும் கூட இருந்தோம்னு சொல்லிடுறேன். கையெழுத்து அவரோடதுதான, அதுல பொய் ஒண்ணும் இல்லையே. அன்னைக்குப் பெரியவுக முன்னாடி நான் சொன்னதுக்கு, இது ஈடா இருந்துட்டுப் போகட்டும்."

அன்றைக்கு அவர் சொன்னது என்ன என்று உங்களுக்குத் தெரிய வேண்டும். 'நாலு நாள் இருந்துட்டு வா' என்று சொல்லி அவளை அப்பா வீட்டில் விட்டுவிட்டுப் போனார். தாமரை பையைப் பிரிக்காமல் நாற்பது நாள் உட்கார்ந்திருந்தாள். அவர் வரவில்லை. பெரியவர்கள் கூடியபோது, 'நான் எம்புட்டோ கூப்பிட்டேன், அவளாத்தான் வரமாட்டேன்னுட்டா' என்று சொன்னார். கூட்டத்தில் பெண்கள் பேசுகிற வழக்கம் இல்லை. அடுப்படிக் கதவுக்குப் பின்னால் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். அன்றிலிருந்து ஊருக்கு அவள் புருஷனை வேண்டாம் என்று சொன்னவள்.

"அன்னைக்கு ஒரு பொய்யச் சொல்லி என்னைய அனுப்புனீக" என்றாள் தாமரை. "இன்னைக்கு ஒரு பொய்யச் சொல்லி வீட்டக் குடுக்குறீகளா?"

"வேற எப்படித்தான் செய்யச் சொல்ற?"

சரண்யாதேவி இரண்டு டம்ளர் காப்பியோடு வந்து நின்றாள்.

தாமரை எழுந்தாள். இத்தனை வருஷத்தில் அவள் அந்த மனிதரிடம் தன் மனசுக்காகக் கேட்ட முதல் காரியம் அதுதான். "ஈடெல்லாம் வேணாம். இந்தா நிக்குதுல்ல, இந்தப் பிள்ளகிட்ட ஒரு தடவ சொல்லுங்க. நானாப் போனேனா, நீங்க அனுப்புனீகளா? அத மட்டும் சொல்லுங்க. எனக்கு அது போதும்."

சரண்யாதேவி இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தாள்.

கோர்ட்டில் ஜட்ஜ் முன்னால் கூசாமல் பொய் சொல்லத் தயாராக இருந்த மனிதருக்கு, சொந்தக் கடையில் ஒரு வரி உண்மை வரவில்லை. வாசலில் யாரோ பருத்திக்கொட்டை கேட்டார்கள். "இந்தா, வந்துட்டேன்" என்று முத்துப்பாண்டி எழுந்து போனார். இரண்டு கிலோ நிறுக்க அத்தனை நேரம் ஆகாது.

"என்னக்கா?" என்றாள் சரண்யாதேவி.

அவள் கண்ணில் இருந்த பயத்தைத் தாமரைக்கு நன்றாகத் தெரியும். அந்த வீட்டில் தட்டுகள் இன்னும் பறக்கின்றனவா என்று கேட்கத் தோன்றியது. கேட்கவில்லை.

"ஒண்ணுமில்லத்தா" என்று சொல்லி, காப்பியை வாங்கிக் குடித்துவிட்டு, டம்ளரைக் கழுவி வைத்துவிட்டு இறங்கினாள்.

முத்துப்பாண்டி தராசிலிருந்து தலையைத் தூக்காமலே சொன்னார். "நாளான்னிக்குப் பத்து மணிக்கு வந்துடுறேன். சொன்ன மாதிரியே சொல்லிடுறேன்."

* * *

பஸ் ஸ்டாண்டில் மதுரை வண்டி ஒன்று கிளம்பிப் போனது. தாமரை ஏறவில்லை. அடுத்ததும் போனது. சிமெண்டுப் பெஞ்சில் உட்கார்ந்து போனைக் கையில் வைத்துக்கொண்டிருந்தாள்.

அண்ணனுக்குப் போன் போட்டு, 'அப்பா எதுக்கு எழுதுனாருன்னு கேட்டியே, தெரிஞ்சுபோச்சு' என்று சொல்ல வேண்டும்போல ஒரு தவிப்பு. ஆனால் அதைச் சொன்னால் தாம்பாளத்தையும் சொல்ல வேண்டும். சொன்னால் அடுத்த நிமிஷம் அது அவனுடைய வக்கீலுக்குப் போகும். கருமாத்தூர் மாமா எடுக்கமாட்டார். வேறு யார் என்று போனில் பெயர்களைத் தள்ளிக்கொண்டே போனாள். 'பைபாஸ் சுகர் ஐயா', 'தைராய்டு டீச்சர்', 'கீரைக்காரத் தெரு மாடிவீடு பி.பி.' என்று வந்துகொண்டே இருந்தது. முந்நூறு பேருக்கு மேல் இருந்தார்கள். எல்லாரும் ரத்தம் எடுக்கக் கையை நீட்டியவர்கள்தான்.

போன் அடித்தது. இந்துப்ரியா.

"அக்கா, என்னாச்சு? வாராரா?"

"வாராரு மேடம்."

"அப்பாடா. பாத்தேன்னு சொல்லிருவார்ல?"

"சொல்லிருவாரு."

"பெறகென்ன! நான் பயந்துக்கிட்டே இருந்தேன். வீடு உங்களுதுதான். போயி நல்லா சாப்பிட்டு ரெஸ்ட் எடுங்க. நாளைக்குப் பேசுவோம்."

அந்த இடத்தில் சரி என்று சொல்லிப் போனை வைத்திருந்தால் எல்லாம் முடிந்திருக்கும். வீடு இருக்கும். திருடி என்ற பெயர் போயிருக்கும். அப்பா நினைத்தது நடந்திருக்கும். எழுதிக்கொண்டிருக்கிற எனக்கே அவள் வைத்துவிட மாட்டாளா என்று இருக்கிறது.

"மேடம்."

"சொல்லுங்கக்கா."

"அவரு பாக்கல மேடம். அப்பா போட்டது அவருக்குத் தெரியாது. அப்பா தாளக் கடைக்குக் குடுத்து விட்டிருக்காரு. இவரு எனக்காகப் பாத்தேன்னு சொல்றேங்கிறாரு."

இந்துப்ரியா பேசியபோது அவள் குரலில் கோபமா வருத்தமா என்று பிரிக்க முடியவில்லை.

"அக்கா, இத நீங்க எங்கிட்டச் சொல்லியிருக்கவே கூடாது. தெரியாம இருந்தா நான் அவரக் கூண்டுல ஏத்தியிருப்பேன். இப்பத் தெரிஞ்சுபோச்சே, எப்படி ஏத்துவேன்? ஏன்க்கா சொன்னீங்க?"

தாமரை பஸ் ஸ்டாண்டைச் சுற்றிப் பார்த்தாள். சந்தை முடிந்து ஜனங்கள் மூட்டையும் பிள்ளையுமாக வண்டிக்கு ஓடிக்கொண்டிருந்தார்கள்.

"மத்தியானத்துல இருந்து நெஞ்சுக்குள்ளயே வச்சுக்கிட்டு இருக்கேன் மேடம். யார்கிட்டயாவது சொல்லணும்போல இருந்துச்சு. நீங்கதான் போன் போட்டீங்க."

வக்கீல் போனை வைக்கவில்லை.